வர்க்கமூலத்தை முழு எண்ணால் பெருக்குவது: வெளியே எது, உள்ளே எது?

5 × √3 எவ்வளவு என்று கேட்டால் √15 என்று எழுதுகிறவர்கள் எல்லா வகுப்பிலும் உண்டு. கால்குலேட்டரைத் தட்டினாலே குட்டு வெளிப்பட்டுவிடும். √3 ஏறத்தாழ 1.732, அதன் ஐந்து மடங்கு 8.66. √15 வெறும் 3.873. பாதிகூட வரவில்லை.

இது கவனக்குறைவால் வரும் தப்பு இல்லை. எண்ணைக் கண்டால் எண்ணோடு பெருக்கிக் கை பழகியிருக்கிறது. மூலக்குறிக்குக் கீழே இருக்கும் 3-ஐயும் சாதாரண 3 என்றே கண் எடுத்துக்கொள்கிறது. ஆனால் √3 முழுவதும் சேர்ந்துதான் ஓர் எண். தன்னைத்தானே பெருக்கினால் 3 தரும் மிகை எண் எதுவோ, அதற்குத்தான் √3 என்று பெயர். அதற்குள்ளிருந்து 3-ஐ மட்டும் தனியே பிடுங்க முடியாது.

இந்தப் பாடம் முழுவதற்கும் விதி ஒன்றே ஒன்றுதான். வெளியே இருப்பது வெளியே இருப்பதோடு பெருகும். உள்ளே இருப்பது உள்ளே இருப்பதோடு பெருகும். வெளியே இருக்கும் எண் உள்ளே போக வேண்டுமென்றால் வர்க்கமாகித்தான் போக வேண்டும். உள்ளே இருக்கும் எண் வெளியே வர வேண்டுமென்றால் ஜோடி சேர வேண்டும். ஜோடிக்கு ஒன்றுதான் வெளியே வரும். கீழே வரும் படிகள் எல்லாம் இதிலிருந்து கிளைப்பவைதான்.

படி 1: பெருக்கல் குறியை எடுத்துவிட்டுச் சேர்த்து எழுதுங்கள்

5 × √3 = 5√3. அவ்வளவுதான், விடை வந்துவிட்டது. "இதற்கு மேல் ஒன்றும் செய்ய வேண்டாமா?" என்ற சந்தேகம் பலருக்கு வரும். வேண்டாம். 5√3 என்பது பாதியில் நிற்கும் கணக்கு இல்லை, துல்லியமான விடை. 8.66 என்று எழுதினால்தான் அது தோராயமாகிவிடுகிறது.

√3 × 5 என்று கேட்டிருந்தாலும் 5-ஐ முன்னால் கொண்டுவந்து 5√3 என்றே எழுதுங்கள். மதிப்பு ஒன்றுதான், பிரச்சினை கையெழுத்தில். √3 5 என்று எழுதி, மூலக்குறியின் மேல்கோடு கொஞ்சம் நீண்டுவிட்டால் அது √35 ஆகிவிடும். விடைத்தாள் திருத்துகிறவர் கோடு எங்கே முடிகிறது என்று லென்ஸ் வைத்தா பார்ப்பார்?

இந்த மேல்கோட்டுக்கு ஒரு கதையும் உண்டு. √ குறியை 1525-இல் தன் இயற்கணித நூலில் அச்சேற்றியவர் கிறிஸ்டோஃப் ருடால்ஃப் என்ற கணிதவியலாளர். அவர் போட்ட குறியில் கோடு கிடையாது. உள்ளே எதுவரை என்று காட்டும் கோட்டை மூலக்குறியோடு சேர்த்தவர் பிரெஞ்சுத் தத்துவவாதியும் கணிதவியலாளருமான டெக்கார்ட், 1637-இல். இன்று கைபேசியில் √ என்று தட்டும்போது அந்தக் கோடு மறுபடி காணாமல் போய்விடுகிறது. அதனால் உள்ளே ஒன்றுக்கு மேற்பட்ட எண் இருந்தால் √(3 × 5) என்று அடைப்புக்குறி போட்டு எழுதிப் பழகுங்கள். இங்கேயும் அப்படித்தான் எழுதப்போகிறேன்.

5√3-இல் வெளியே நிற்கும் 5-க்குக் கெழு என்று பெயர். ஐந்து √3-களைக் கூட்டினால் வருவதும் இதே 5√3 தான். √2 + √2 = 2√2. இதை √4 என்று எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள். √4 என்றால் 2, ஆனால் 1.414-உம் 1.414-உம் சேர்ந்தால் 2.828.

படி 2: ஏற்கெனவே கெழு இருந்தால்

4 × 3√2 = 12√2. வெளியே 4, வெளியே 3, பெருக்கினால் 12. உள்ளே இருக்கும் 2-ஐ யாரும் தொடவில்லை, அது அப்படியே இருக்கட்டும். குறை எண் வந்தாலும் வழி மாறாது: −3 × 2√5 = −6√5.

படி 3: உள்ளே ஜோடி இருக்கிறதா பாருங்கள்

மதிப்பெண் போகிற இடம் இதுதான். 5 × √12 = 5√12 என்று எழுதினால் தப்பில்லை; ஆனால் "சுருக்குக" என்று கேட்டிருந்தால் முடியவில்லை. 12 = 2 × 2 × 3. இரண்டு 2 ஜோடி சேர்ந்து, ஒரு 2-ஆக வெளியே வரும். 3-க்கு ஜோடி இல்லை, உள்ளேயே தங்கும். எனவே √12 = 2√3, அப்புறம் 5 × 2√3 = 10√3.

வெளியே வந்த 2, அங்கே ஏற்கெனவே நிற்கும் 5-ஓடு பெருகும்; அதோடு கூட்டக்கூடாது. 7√3 என்று எழுதுவது இங்கே வழக்கமாக நடக்கும் சறுக்கல்.

கொஞ்சம் பெரியதாக ஒன்று: 3√72. 72 = 9 × 8 என்று பிரித்து, 9-இலிருந்து 3-ஐ வெளியே எடுத்தால் 3 × 3√8 = 9√8. பலர் இங்கே நிறுத்திவிடுகிறார்கள். 8-க்குள் இன்னும் ஒரு 4 ஒளிந்திருக்கிறது! √8 = 2√2; ஆக 18√2. நேரடியாக 72 = 36 × 2 என்று கண்ணில் பட்டிருந்தால் ஒரே வரியில் 3 × 6√2 = 18√2. படவில்லை என்றால் கவலை வேண்டாம், 2 × 2 × 2 × 3 × 3 என்று பகாக் காரணிகளாகப் பிரித்து ஜோடி கட்டுங்கள். நேரம் கொஞ்சம் கூட ஆகும், ஆனால் தவறாது.

முடிந்ததா என்று சோதிக்க, உள்ளே மிஞ்சிய எண்ணை 4, 9, 25, 49 என்று பகா எண்களின் வர்க்கங்களால் மட்டும் வகுத்துப் பார்த்தால் போதும். 16, 36 எல்லாம் தேவையில்லை. அவற்றால் வகுபடும் எண் எப்படியும் 4-ஆல் வகுபட்டுவிடும்.

வரிசையையும் கவனியுங்கள். முதலில் சுருக்குங்கள், பிறகு பெருக்குங்கள். 6 × √50 என்றால் √50 = 5√2, எனவே 30√2. இதையே 6-ஐ உள்ளே தள்ளி √1800 ஆக்கி, பிறகு 1800-ஐக் காரணிப்படுத்தினாலும் அதே விடைதான் வரும். ஆனால் எதற்கு வீண் வேலை?

படி 4: வெளியே இருப்பதை உள்ளே கொண்டுபோவது

இது மூன்றாம் படியின் தலைகீழ். 5√3-இல் 5 உள்ளே போகும்போது 25 ஆகிவிடும்: 5√3 = √(25 × 3) = √75. √75 எவ்வளவு? 8.66. ஆரம்பத்தில் பார்த்த அதே எண். √15 ஏன் தப்பு என்பதற்கும் இதுவே காரணம். 5 வர்க்கமாகாமல் உள்ளே நுழைந்துவிட்டது.

இதன் முதல் பயன் ஒப்பிடுவது. 4√3, 3√5, 5√2 மூன்றில் பெரியது எது? வெளியே பார்த்தாலும் உள்ளே பார்த்தாலும் பிடிபடாது. உள்ளே அனுப்பிவிடுங்கள்: √48, √45, √50. இப்போது கண்ணாலேயே சொல்லலாம். 5√2 பெரியது, 3√5 சிறியது. போட்டித் தேர்வில் இந்த மாதிரிக் கேள்விக்குத் தசமம் போட்டுக்கொண்டிருந்தால் நேரம்தான் போகும்.

குறை எண்ணுக்கு மட்டும் ஓர் எச்சரிக்கை. −2√3-ஐ உள்ளே கொண்டுபோனால் √12 அல்ல, −√12. எண் உள்ளே போகலாம்; குறைக்குறி வெளியேதான் நிற்க வேண்டும்.

இரண்டாவது பயன் பாடப்புத்தகங்களில் அவ்வளவாகக் கண்ணில் படுவதில்லை. எனக்குப் பிடித்தது அதுதான். √2-ஐ முழு எண்ணால் பெருக்கினால் முழு எண் கிடைக்குமா? பூச்சியத்தைத் தவிர வேறு எதனால் பெருக்கினாலும் கிடைக்காது, ஏனென்றால் √2 விகிதமுறா எண், அதாவது முழு எண்களின் பின்னமாக எழுதவே முடியாத எண். ஆனால் எவ்வளவு பக்கத்தில் போகலாம்? 5√2 = √50. பக்கத்தில் √49, அதாவது 7. எனவே 5√2 ஏறத்தாழ 7. அடுத்து 12√2 = √288; பக்கத்தில் √289, அதாவது 17. 29√2 = √1682; பக்கத்தில் √1681, அதாவது 41. 70√2 = √9800; பக்கத்தில் √9801, அதாவது 99. ஒவ்வொரு தடவையும் உள்ளே ஒன்றே ஒன்றுதான் வித்தியாசம், ஒரு தடவை அதிகம், மறு தடவை குறைவு. எண் பெரிதாகப் பெரிதாக அந்த ஒன்றின் எடை தேய்ந்துகொண்டே போகிறது. 70√2-இன் மதிப்பு 98.995.

இதில் கடைசி ஜோடி உங்கள் மேசைமேலேயே இருக்கிறது. ஏ4 தாளை எடுத்து அளந்து பாருங்கள்: அகலம் 210 மி.மீ., நீளம் 297 மி.மீ. இரண்டையும் 3-ஆல் வகுத்தால் 70, 99. தாளின் நீளம் அகலத்தைப் போல √2 மடங்கு இருக்க வேண்டும் என்பதுதான் அந்த அளவுமுறையின் அடிப்படை. அப்போதுதான் நடுவில் மடித்தாலும் அதே விகிதம் மாறாமல் நிற்கும். இரண்டு ஏ4 பக்கங்களை ஒரு பக்கமாகச் சுருக்கி ஜெராக்ஸ் எடுக்கும்போது ஓரத்தில் வெற்றிடம் விழாமல் கச்சிதமாக அமைவது இதனால்தான். 210 × √2 = 296.98. தாள் அளவுகளை முழு மில்லிமீட்டரில்தான் சொல்வார்கள், எனவே 297. உள்ளே கொண்டுபோய்ப் பார்த்தால் 210√2 = √88200; 297 = √88209.

√3-க்கும் இதுபோல உண்டு. 4√3 = √48, ஏறத்தாழ 7. 15√3 = √675, ஏறத்தாழ 26. தசமம் தெரியாமலேயே விடை சரியான இடத்தில்தான் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள இவை கைகொடுக்கும்.

படி 5: அடைப்புக்குறிக்கு முன்னால் எண் நின்றால்

3(2 + √5) = 6 + 3√5. பங்கீட்டுப் பண்புப்படி 3 இரண்டு உறுப்புகளையும் பெருக்க வேண்டும். இதோடு நிறுத்துங்கள். 6-ஐயும் 3√5-ஐயும் கூட்டி 9√5 என்று எழுதக் கை துடிக்கும், அடக்கிக்கொள்ளுங்கள். மூலம் இல்லாத எண்ணும் மூலமும் கூட்டலில் ஒன்று சேராது. உள்ளே ஒரே எண் இருக்கும் மூலங்கள் மட்டுமே சேரும்.

சேராதவை போலத் தெரிபவை சில சமயம் சேரவும் செய்யும். 4(√18 − √8) என்பதில் 18-உம் 8-உம் வேறு வேறு. ஆனால் சுருக்கினால் √18 = 3√2, √8 = 2√2; கழித்தால் √2. விடை 4√2. அதனால் அடைப்புக்குறிக்குள் முடிகிற வேலையை முடித்துவிட்டுத்தான் வெளி எண்ணைத் தொட வேண்டும்.

இரண்டு பக்கமும் மூலம் வந்தால்

2√3 × 5√6: வெளியே 2 × 5 = 10, உள்ளே 3 × 6 = 18. 10√18 = 30√2. √3 × √3 = 3 என்பதையும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்; அடுத்த படிக்கு அதுதான் ஆதாரம். கனமூலத்துக்கும் விதி அதேதான், ஜோடிக்குப் பதில் மூன்று பேர் சேர வேண்டும்; 2 உள்ளே போனால் 8 ஆகும். 2 × ∛5 = ∛40.

படி 6: மூலம் கீழே இருந்தால்

பத்தாம் வகுப்பில் உயரங்களும் தொலைவுகளும் பகுதிக்கு வந்தால் இது தினமும் தேவைப்படும். கோபுரத்தின் அடியிலிருந்து 50 மீட்டர் தள்ளி நிற்கிறீர்கள், உச்சியின் ஏற்றக்கோணம் (கிடைமட்டத்திலிருந்து அண்ணாந்து பார்க்கும் கோணம்) 60° என்றால், tan 60° = √3 என்பதால் உயரம் 50√3 மீட்டர். √3 = 1.732 என்று போட்டால் 86.6 மீட்டர். சுலபம்.

ஏற்றக்கோணம் 30° என்றால், tan 30° = 1/√3 என்பதால் உயரம் 50/√3. இங்கே 50-ஐ 1.732-ஆல் நீள்வகுத்தல் முறையில் வகுக்க உட்காருவார்கள், பாவம்! மேலும் கீழும் √3-ஆல் பெருக்குங்கள். கீழே √3 × √3 = 3; மேலே 50√3. இப்போது 86.6-ஐ 3-ஆல் வகுத்தால் போதும்: 28.87 மீட்டர். வகுப்பதற்கு 1.732 எங்கே, 3 எங்கே!

மேலே இருக்கும் எண் 3-ஆல் வகுபட்டால் இன்னும் லேசு. 30/√3 = 30√3/3 = 10√3. அதே மாதிரி 6/√3 = 2√3, 10/√5 = 2√5, 14/√7 = 2√7. கொஞ்சம் பழகிவிட்டால் நடு வரியை எழுதவே தேவையில்லை. மேலே இருக்கும் எண்ணை உள்ளே இருக்கும் எண்ணால் வகுத்து, பக்கத்தில் மூலத்தை எழுதிவிடலாம்.

படி 7: தசமம் வேண்டுமென்றால், கடைசியில் மட்டும்

தசம மதிப்பை முதல் வரியிலேயே போடாதீர்கள். தோராயத்தை முழு எண்ணால் பெருக்கினால், அதில் இருக்கும் பிழையும் அத்தனை மடங்கு பெருகும்.

24 அடிக்கு 24 அடி சதுரமாக ஒரு கட்டடத்துக்கு அஸ்திவாரம் குறிக்கிறார்கள் என்று வையுங்கள். மூலை சரியாக 90° நிற்கிறதா என்று பார்க்க, எதிரெதிர் மூலைக்குக் கயிறு கட்டி மூலைவிட்டத்தை அளக்க வேண்டும். அது 24√2 அடி. √2-ஐ 1.4 என்று வைத்தால் 33.6 அடி. சரியான விடை 33.94 அடி, அதாவது 33 அடி 11¼ அங்குலம். 1.4-க்கும் 1.414-க்கும் என்ன பெரிய வித்தியாசம் என்று தோன்றும். 24 மடங்கானபின் அது நான்கு அங்குலம். அந்த அளவை நம்பிக் கல் வைத்தால் கட்டடம் சதுரமாகவே நிற்காது. கொத்தனார்கள் 3-4-5 அளவில் கயிறு பிடித்து மூலை பார்ப்பதில் இந்தத் தொல்லையே இல்லை. பக்கங்கள் 3, 4 என்றால் குறுக்கே சரியாக 5; மூன்றும் முழு எண்கள், எதையும் தோராயப்படுத்த வேண்டாம்.

எத்தனை இலக்கம் போதும்? கெழு ஒற்றை இலக்கமாக இருந்தால் 1.414, 1.732, 2.236 (√5) போன்ற மூன்று தசம இலக்கங்களே போதும். கெழு நூற்றைத் தாண்டினால் 1.41421 என்று ஐந்து இலக்கம் எடுங்கள்.

முழு எண்ணை √2-ஆல் பெருக்கும் கணக்கு நமக்குக் கிடைத்தவற்றிலேயே மிகப் பழையவற்றுள் ஒன்று களிமண்ணில் இருக்கிறது. அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகச் சேகரிப்பில் உள்ள, கைக்குள் அடங்கும் பாபிலோனியக் களிமண் பலகை அது. காலம் சுமார் கி.மு. 1800-க்கும் 1600-க்கும் இடையில். மேலே ஒரு சதுரமும் அதன் மூலைவிட்டங்களும் கீறப்பட்டிருக்கின்றன. சதுரத்தின் ஒரு பக்கத்தின் நீளமாக 30 என்ற எண். மூலைவிட்டத்தின்மேல் 1, 24, 51, 10. அதற்குக் கீழே 42, 25, 35. பாபிலோனியர் பத்துக்குப் பதில் அறுபதை வைத்து எண்ணியவர்கள். எனவே முதல் வரிசை 1 + 24/60 + 51/3600 + 10/216000, அதாவது 1.414213, √2-இன் முதல் ஐந்து தசம இலக்கங்கள் சரியாக இருக்கின்றன. இரண்டாவது வரிசை 42.42639. உண்மையான 30√2 = 42.42641.

இதில் ஒரு சாமர்த்தியமும் தெரிகிறது. அறுபதில் பாதி 30. அதனால் அவர்களுக்கு 30-ஆல் பெருக்குவது, நமக்கு 5-ஆல் பெருக்குவது மாதிரி. பாதியாக்கி ஓர் இடம் நகர்த்தினால் போதும். 1, 24, 51, 10-ஐப் பாதியாக்குங்கள். 1-ஐப் பாதியாக்க முடியாது, அது 60 ஆக அடுத்த இடத்துக்குப் போய் 84 ஆகும். அதில் பாதி 42. 51-இல் பாதி 25, மீதி ஒன்று. அது 60 ஆகி 10-ஓடு சேர்ந்தால் 70, பாதி 35. பலகையில் இருக்கும் 42, 25, 35 அப்படியே வந்துவிட்டது.

போட்டுப் பார்க்கச் சில கணக்குகள்

விடையைக் கையால் மறைத்துக்கொண்டு போடுங்கள்.

3 × 4√27. கெழுக்கள் சேர்ந்து 12; √27 = 3√3; விடை 36√3.

−5(√20 − √5). √20 = 2√5, எனவே அடைப்புக்குறிக்குள் √5 மட்டும் மிஞ்சும்; விடை −5√5.

2(√3 + √12). உள்ளே √3 + 2√3 = 3√3; விடை 6√3. இதை 2√15 என்று எழுதியிருந்தால் படி 5-க்குத் திரும்பிப் போங்கள்.

18/√6. 18-ஐ 6-ஆல் வகுத்தால் 3, விடை 3√6.

6√2, 5√3, √73 ஆகியவற்றை ஏறுவரிசையில் எழுதுக. √72, √75, √73. எனவே 6√2, √73, 5√3.

கடைசியாக ஒன்று: √20-ஐ எந்த முழு எண்ணால் பெருக்கினால் விடை முழு எண்ணாக வரும்? 5 என்று சொல்லத் தோன்றும்; ஆனால் 5√20 = 10√5, மூலம் போகவில்லை. மூலக்குறிக்குள் 5-ஆல் பெருக்கியிருந்தால் √100 = 10 வந்திருக்கும்; அது √5-ஆல் பெருக்குவது, 5-ஆல் அல்ல. கேட்டபடி முழு எண்ணாலேயே பெருக்க வேண்டுமென்றால் பூச்சியம் ஒன்றுதான் விடை.